வெள்ளிக்கிழமைகளில் ஓடாத ரீல்

திரைக்குள் கழுதை ஓடி வந்தபோது நான் முன்வரிசையில், தோளில் பொன்னாடையோடு உட்கார்ந்திருந்தேன்.

லேசுப்பட்ட கழுதை இல்லை. முதுகில் ஒரு நகைச்சுவை நடிகரைச் சுமந்துகொண்டு, சந்தைக் கடைகளுக்குள் புகுந்து, பானை சட்டிகளை உடைத்துக்கொண்டு, பின்னணியில் தவில் முழங்க ஓடி வந்த கழுதை. இடம் திண்டுக்கல்லில் ஒரு கல்லூரி அரங்கம். பிற்பகலுக்கு இன்னும் நேரம் இருந்தது. மாணவர்கள் எழுந்து நின்று விசிலடித்தார்கள். விசில் கழுதைக்கா, எனக்கா என்பதில் எனக்கு இன்றுவரை தெளிவில்லை.

காரணம் இருக்கிறது. படம் தொடங்குவதற்கு முன்பு நான் மேடையேறி முக்கால் மணி நேரம் பேசியிருந்தேன். தலைப்பு, ‘என்னை உருவாக்கிய படம்’. கறுப்பு வெள்ளைக் காலத்துப் படம். நல்ல பிரதியே இல்லை என்று சொல்லப்பட்டு, எங்கோ ஒரு கிட்டங்கியில் கிடைத்து, தூசி தட்டி, சுத்தம் செய்து, முழுசாக மீட்டெடுக்கப்பட்டிருந்தது. கல்லூரித் திரைப்பட மன்றத்தினர் அதைத் திரையிட்டு, உள்ளூரில் பிறந்து பேர் வாங்கிய இயக்குநர் என்று என்னைக் கூப்பிட்டிருந்தார்கள்.

“இந்தப் படத்தில் ஒரே ஒரு இடத்தைக் கவனியுங்கள்” என்றேன் மேடையில். “மகன் இறந்ததாகத் தந்தி வருகிறது. தாய் இடுப்புக் குடத்தை இறக்கி வைக்கிறாள். வீட்டுக்குள் போய்க் கதவைச் சாத்துகிறாள். அடுத்த காட்சியில் அவளுக்குத் தலை நரைத்திருக்கிறது. புளியில் கொட்டை எடுத்துக்கொண்டிருக்கிறாள். நடுவில் ஒன்றுமில்லை. அழுகை இல்லை, ஒப்பாரி இல்லை. அந்த ஒன்றுமில்லாத இடத்தில்தான் நான் இயக்குநராகப் பிறந்தேன்.”

நல்ல கைதட்டல். ஒரு பேராசிரியர் குறிப்பு எடுத்தார்.

சொன்னபடி தந்தி வந்தது. குடம் இறங்கியது. கதவு சாத்தப்பட்டது. நான் பெருமையோடு பின்னால் திரும்பி மாணவர்களின் முகங்களைப் பார்த்தேன். திரும்பவும் திரையைப் பார்த்தால், சாத்திய கதவு திறந்துகொண்டிருக்கிறது.

அதற்குப் பிறகு இருபது நிமிடம். கடைசியில்தான் கழுதை. கழுதைக்கு முன்னால் வந்ததைச் சற்றுப் பொறுத்துச் சொல்கிறேன்.

நான்கு வெள்ளிக்கிழமைகள்

கல்லூரியில் நான் இரண்டாம் ஆண்டு படித்தபோது வெள்ளிக்கிழமை காலை வேதியியல் ஆய்வகம். எனக்கும் அமிலத்துக்கும் ஒத்துப்போகவில்லை. ஆய்வக உதவியாளருக்கும் எனக்கும் ஒத்துப்போனது. நான் வராவிட்டாலும் வந்ததாக எழுதிவிடுவார். சோதனைக்குழாய் உடையாமல் இருப்பதே அவருக்குப் பெரிய விஷயம்.

எங்கள் குடும்பம் ஒட்டன்சத்திரம் சாலையில் தக்காளி போடும் குடும்பம். மகன் பட்டணத்தில் விஞ்ஞானம் படிக்கிறான் என்று அப்பா சந்தையில் சொல்லிக்கொண்டிருப்பார். மகன் பேருந்து நிலையத்துக்குப் பக்கத்துக் கொட்டகையில் மூட்டைப்பூச்சிகளோடு உட்கார்ந்திருப்பான்.

அந்தக் காலத்தில் காலைக்காட்சி என்றால் பழைய படம்தான். வாரம் ஒரு படம் மாறும். இந்தப் படம் மட்டும் நான்கு வாரம் ஓடியது. மக்கள் ஆதரவு என்று நினைத்துவிட வேண்டாம். படப்பெட்டியைத் திரும்ப எடுத்துப் போக வேண்டியவர் மறந்துவிட்டார். உள்ளே இருந்தவர்களில் பாதிப் பேர் வெயிலுக்கு ஒதுங்கியவர்கள். சந்தைக்கு வந்துவிட்டுச் செத்த நேரம் தூங்க வந்தவர்கள் மீதிப் பாதி.

நான் நான்கு வெள்ளிக்கிழமையும் பார்த்தேன். முதல் வாரம் அந்தக் கதவு சாத்தப்பட்டு, அடுத்த நொடி நரைத்த தலை வந்தபோது எனக்கு உடம்பு சிலிர்த்தது. பொய் சொல்லவில்லை, கையில் இருந்த முறுக்கு அப்படியே இருந்தது. ஒரு பிள்ளை செத்த துக்கத்தை ஒரு சொல்கூட இல்லாமல் ஒரு மனுஷனால் சொல்ல முடியுமா என்று வெளியே வந்து வெயிலில் நின்றேன்.

தரை டிக்கெட்டில் இருந்து ஒருவர் மட்டும் எழுந்து கத்தினார்.

“ஏலே, ரீல வெட்டிட்டான்டா!”

அவருடைய அறியாமைக்காக நான் மனதுக்குள் இரக்கப்பட்டேன். கலையைப் புரிந்துகொள்ள இந்த ஊருக்கு இன்னும் நூறு வருஷம் ஆகும் என்று நினைத்துக்கொண்டேன். பின்னாளில் அந்தக் காட்சியைப் பற்றி எத்தனையோ பேர் எழுதிவிட்டார்கள். சரியாக விமர்சனம் செய்தவர் அந்த ஒருவர்தான்.

காட்டாதே

அந்த நான்கு வெள்ளிக்கிழமைகளில் இருந்து ஒரு கொள்கை பிறந்தது. ‘காட்டாதே’ என்று அதற்கு நானே பெயர் வைத்தேன். முக்கியமானதைக் காட்டாதே. கதவைச் சாத்து. பார்ப்பவன் மனசுக்குள் பார்த்துக்கொள்ளட்டும்.

என் முதல் படத்தில் மரணத்தைக் காட்டவில்லை. இரண்டாவது படத்தில் கல்யாணத்தைக் காட்டவில்லை. மூன்றாவதில் விபத்தைக் காட்டவில்லை. நான்காவதில் கதையையே காட்டவில்லை என்று என் மாமனார் சொல்கிறார். அவர் வீட்டில் சாப்பிடுவதால் நான் பதில் சொல்வதில்லை.

‘மௌனத்தின் இயக்குநர்’ என்று ஒரு பத்திரிகை எழுதியது. முக்கால் மணி நேரம் மேடையில் பேசும் ஆளுக்கு அந்தப் பட்டம். ஒரு சிற்றிதழ்க்காரர் அந்தப் பழைய படத்தின் வெட்டையும் என் படங்களின் வெட்டுகளையும் ஒப்பிட்டு எட்டுப் பக்கம் எழுதினார். அபாரமான கட்டுரை. ஒரு விழாவில் அவரைப் பார்த்தபோது, “அந்தப் படத்தை எங்கே பார்த்தீர்கள்?” என்று ஆசையாகக் கேட்டேன்.

“பார்க்கவில்லை. உங்கள் பேட்டியில் படித்தேன்” என்றார்.

நான் மட்டும் யோக்கியமா? இடையில் தேய்ந்த பிரதி ஒன்று கைபேசியில் கிடைப்பதாக ஒரு நண்பர் அனுப்பினார். பெரிய திரையில் தரிசித்ததை உள்ளங்கையில் வைத்துப் பார்ப்பதா என்று அவருக்கு ஒரு நீண்ட பதில் எழுதினேன். அந்தப் பதில் எழுதிய நேரத்துக்கு, கதவு திறந்த பிறகு வரும் அந்த இருபது நிமிடத்தைப் பார்த்து முடித்திருக்கலாம்.

ஆரோக்கியமேரி அக்கா

இப்போது கழுதையை விட்டு இறங்குகிறேன். கழுதையை முதலில் சொன்னது ஒரு தந்திரம். சிரித்துக்கொண்டே கடந்துவிடலாம் என்று பார்த்தேன். முடியவில்லை.

கதவு திறந்ததும் அந்தத் தாய் வெளியே வந்தாள். வாசலில் வைத்த குடத்தைத் தூக்கினாள். தண்ணீர் அத்தனையையும் மண்ணில் கொட்டினாள். அந்தச் சேற்றில் உட்கார்ந்து, கையால் சேற்றை அள்ளி அள்ளிக் குடத்துக்குள் போட்டுக்கொண்டே அழுதாள். பன்னிரண்டு நிமிட அழுகை. தெருப் பெண்கள் ஒவ்வொருவராக வந்து சேர்ந்துகொள்ள அது ஒப்பாரியாக ஏறியது.

மட்டமான அழுகையாக இருந்திருந்தால் தப்பித்திருப்பேன். அத்தனை பெரிய அழுகையை நான் திரையில் பார்த்ததே இல்லை. எனக்குக் கண்ணீர் நிற்கவில்லை. பொன்னாடையால் கண்ணைத் துடைக்க முடியாது, சரிகை குத்தும் என்பதை அன்று தெரிந்துகொண்டேன்.

பெரிய திரையில் இல்லையே தவிர, அதே அழுகையை நான் ஒரு தடவை நேரில் பார்த்திருந்தேன். பார்த்துவிட்டு வெட்டி எறிந்திருந்தேன்.

ஆரோக்கியமேரி அக்கா திண்டுக்கல்லில் தையல் கடை வைத்திருந்தவர். ஆனால் அவரைத் தையலுக்காக யாருக்கும் தெரியாது. தவக்காலத்தில் அவர் பங்குக் கோயில் மைதானத்தில் பாஸ்கா நடக்கும். ஏசுவின் பாடுகளை ஊரே சேர்ந்து நடிக்கும் நாடகம். அதில் வருஷா வருஷம் மாதா வேடம் அக்காவுக்குத்தான். சிலுவையில் இருந்து இறக்கிய மகனை மடியில் போட்டு அவர் அழும் காட்சிக்காகவே நிலக்கோட்டைப் பக்கத்தில் இருந்தெல்லாம் ஆட்கள் வருவார்கள். எங்கள் அம்மா ஒரு வருஷம் விடாமல் போய் அழுதுவிட்டு வருவார். நாங்கள் பழனி முருகனுக்குப் பாத யாத்திரை போகிற குடும்பம். அழுவதற்கு அதெல்லாம் தடையாக இருக்கவில்லை. அக்கா அழும்போது மைதானத்துக் கடலைக்காரர்கூட வறுக்கிற கரண்டியை நிறுத்திவிடுவார்.

அதனால்தான் என் முதல் படத்தில் தாய் வேடத்துக்கு அவரிடம் போனேன். அவர் கேட்டது ஒரே கேள்வி.

“அழுகுற சீன் உண்டுல்ல தம்பி?”

“உண்டுக்கா” என்றேன்.

நிலக்கோட்டைக்கு வெளியே ஒரு மல்லிகைத் தோட்டத்தில் எடுத்தோம். பூப்பறிக்கும் பெண்ணாக அக்கா. திருப்பூருக்கு வேலைக்குப் போன மகன் இறந்த செய்தி வருகிறது. கூடையை இறக்கி வைக்கிறாள். அதுவரைதான் நான் சொல்லிக்கொடுத்தது. பிறகு உங்கள் இஷ்டம்போல அழுங்கள் என்றேன்.

அக்கா கூடையைக் கவிழ்த்தார். காலையில் பறித்த பூ அத்தனையும் ஈர மண்ணில். அதில் உட்கார்ந்து, ஒவ்வொரு பூவாகப் பொறுக்கி, மண்ணோடு கூடையில் திரும்பப் போட்டுக்கொண்டே அழுதார். அந்தப் பழைய படத்தை அவர் பார்த்ததில்லை. யாரும் அவருக்குச் சொன்னதும் இல்லை. மல்லிகை வாசனையும் மருந்தடித்த வாசனையும் கலந்து வந்துகொண்டிருந்தது. விளக்குப் பிடித்தவர்கள் அழுதார்கள். ஒளிப்பதிவாளர் கேமராவில் இருந்து கண்ணை எடுக்காமல் அழுதார். நான் ‘கட்’ சொல்ல மறந்து, ஃபிலிம் தானாகத் தீர்ந்துபோனது.

படத்தொகுப்பு மேசையில் அது உட்கார்ந்திருந்தது. தொகுப்பாளர், “இதுதான் சார் படமே” என்றார். எனக்கு என் கொள்கை இருந்தது. என் ஆசான் காட்டவில்லை, நான் காட்டலாமா? “கதவைச் சாத்து” என்றேன். கூடை இறங்குகிறது, அடுத்தது இரண்டு வருஷம் கழித்து.

அக்காவுக்குச் சொல்லவில்லை. சொல்ல வேண்டும் என்று தோன்றவும் இல்லை. கலைஞர்கள் இப்படித்தான் இருப்பார்கள் என்று எங்கோ படித்திருந்தேன்.

படம் வெளியான நாளில் அக்கா தெருவில் இருந்து இரண்டு வேன் வந்தது. அக்கா பட்டுப்புடவை. பங்குச் சாமியாரும் வந்திருந்தார். அழுகைக்காகக் கைக்குட்டையோடு காத்திருந்தவர்கள், விளக்குப் போட்ட பிறகும் எழுந்திருக்கவில்லை. இன்னும் படம் இருக்கிறது என்று நினைத்தார்கள்.

“ஏக்கா, நீ எங்கக்கா அழுத?” என்று ஒரு பெண் சத்தமாகக் கேட்டது எனக்கும் கேட்டது.

வாசலில் அக்கா என்னிடம், “படம் நல்லாருக்கு தம்பி” என்று மட்டும் சொல்லிவிட்டு வேனில் ஏறினார்.

அடுத்த தவக்காலத்தில் அவர் மாதா வேடம் கட்டவில்லை. அதற்குப் பிறகும் இல்லை. முழங்கால் வலி என்றார்கள். முழங்கால் வலி என்று நம்புவது எனக்கு வசதியாக இருந்தது.

நிறைவுரை

கல்லூரி அரங்கத்தில் படம் முடிந்ததும், “ஐயா இப்போது நிறைவுரை ஆற்றுவார்” என்று அறிவித்துவிட்டார்கள். மாணவர்கள் எதிர்பார்ப்போடு என்னைப் பார்த்தார்கள். இப்படிப்பட்ட நேரத்தில் உண்மை சொல்பவர்களும் உலகத்தில் இருப்பார்கள். நான் ஒலிபெருக்கியைச் சரிசெய்துகொண்டேன்.

“பெரிய கலைஞர்களும் சறுக்குவார்கள்” என்றேன். “கதவு திறந்த பிறகு வந்த அந்த இருபது நிமிடம்தான் சறுக்கல். வியாபார நிர்ப்பந்தம். நான் இந்தப் படத்தை என் மனதில் திருத்திப் பார்த்தேன். அந்தத் திருத்தம்தான் என் சினிமா.”

முன்பைவிடப் பெரிய கைதட்டல். பேராசிரியர் இதையும் குறித்துக்கொண்டார். வருகிற ஆண்டு பாடத்தில் வந்தால் ஆச்சரியப்பட மாட்டேன்.

வெளியே வேப்பமரத்தடியில் காகிதத் தட்டில் கேசரியும் தேநீரும் கொடுத்தார்கள். உள்ளூர்க் கலைஞர்கள் என்று இன்னும் இரண்டு பேருக்கும் அன்று பொன்னாடை போட்டிருந்தார்கள். ஒருவர் ஆரோக்கியமேரி அக்கா. பழைய பாஸ்கா புகழுக்காக யாரோ நினைவு வைத்துக் கூப்பிட்டிருக்கிறார்கள். இன்னொருவர் சிக்கந்தர் பாய். பேகம்பூர்க்காரர். பேருந்து நிலையத்துப் பக்கத்துக் கொட்டகையில் முப்பது வருஷம் படம் ஓட்டிய ஆபரேட்டர்.

நான் அக்காவுக்கு வணக்கம் சொல்லி முடிப்பதற்குள் பாய் தேநீரோடு வந்துவிட்டார்.

“தம்பி, நீங்க மொதல்ல பேசுனதக் கேட்டதுல இருந்து எனக்கு ஒண்ணும் ஓடல. இந்தப் படத்த எங்க கொட்டாயிலதான பாத்தீங்க? எந்தக் கிழமை பாத்தீங்க?”

“வெள்ளிக்கிழமை பாய். நாலு வாரமும் வெள்ளிக்கிழமைதான்.”

பாய் நெற்றியில் தட்டிக்கொண்டார்.

“அதான பாத்தேன்! முழுப் படமும் ஓட்டுனா ஒண்ணே காலு ஆயிரும் தம்பி. ஜும்மாத் தொழுகைக்குப் பேகம்பூரு போயி, கைகால் கழுவி ஒளு எடுத்து நிக்கணும்ல. மொதலாளிக்கிட்டச் சொல்லிட்டு, வெள்ளிக்கிழமை மட்டும் ஒரு ரீலத் தூக்கி வச்சுருவேன். எந்தப் படமா இருந்தாலும் அப்படித்தான். எதை எடுத்தா கதை நிக்கும்னு முன்னாடி நாளே ஒக்காந்து பாத்துருவேன். இந்தப் படத்துல ஆறாவது ரீலு. அந்தம்மா அழுகுது, கழுதை ஓடுது. ரெண்டும் இல்லாட்டியும் கதை வெளங்கும்.”

என்னை இயக்குநராகப் பெற்றெடுத்தவர் கேசரித் தட்டோடு என் முன்னால் நின்றார். இத்தனை வருஷமாக நான் தப்பான ஆளைக் கும்பிட்டுக்கொண்டிருந்திருக்கிறேன்.

“ஆனா ஒண்ணு தம்பி. மத்த ஆறு நாளும் அந்த ரீலு ஓடையில நான் எந்திரிக்க மாட்டேன். மிசின் ரூம்பு ஓட்டை வழியாவே பாத்துக்கிட்டு நிப்பேன். அல்லா, என்னா அழுகை அது! வெள்ளிக்கிழமை அதத் தூக்கி வைக்கிறப்பல்லாம் மனசு கேக்காது” என்றார் பாய்.

அக்கா பக்கத்தில் நின்று எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தார். தட்டைக் கீழே வைத்தார்.

“அப்ப ஒங்க வாத்தியாரு அழுகைய வெட்டலையா தம்பி?”

“இல்லக்கா.”

“பாய் தொழுகைக்குப் போறதுக்காக எடுத்து வச்சாரு.”

“ஆமாக்கா.”

“அதப் பாத்துட்டு நீ என்னைய வெட்டுன.”

மௌனத்தின் இயக்குநருக்கு அன்றுதான் முதல் முறையாக உண்மையான மௌனம் வாய்த்தது.

“ஒண்ணு கேக்குறேன், மறைக்காமச் சொல்லு. கோவிச்சுக்கிற மாட்டேன். நான் அழுதது நல்லா இல்லைன்னுதான எடுத்த?” என்றார் அக்கா.

“இல்லக்கா. நல்லா இருந்துச்சு. அன்னைக்குத் தோட்டத்துல நின்ன அம்புட்டுப் பேரும் அழுதோம். இன்னைக்குப் படத்துல அந்தம்மா அழுதாங்கள்ல, அதுக்கு ஒரு குண்டுமணி கொறச்சல் இல்ல.”

அக்கா என்னைப் பார்த்துக்கொண்டே இருந்தார். அவர் அழுவார் என்று நினைத்தேன். அழவில்லை.

“அந்த சீனு இருக்கா?”

“இல்லக்கா. லேபையே மூடிட்டாங்க. தூக்கிப் போட்டிருப்பாங்க.”

“இம்புட்டு வருசமா எனக்கு அழுகத் தெரியலைன்னு நெனச்சுக்கிட்டு இருந்தேன் தம்பி. கோயில்ல வருசா வருசம் வந்து கூப்புடுவாக. பொய்யா அழுது மாதாவைக் கேவலப்படுத்தக் கூடாதுன்னு முழங்காலு வலின்னு சொல்லிப்புட்டேன். எனக்கு முழங்காலு நல்லாத்தான் இருக்கு.”

“என்னை மன்னிச்சுருங்கக்கா.”

“என்கிட்டச் சொல்லி என்ன செய்ய? அன்னைக்கு ரெண்டு வேன்ல வந்தாகளே, அவுககிட்டச் சொல்லு.”

பொன்னாடையை மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டு அக்கா நடந்தார். பாய் என் கையில் தேநீரைக் கொடுத்துவிட்டு அவர் பின்னாலேயே போனார். இருவரும் ஒரே ஷேர் ஆட்டோவில் ஏறியதைப் பார்த்தேன்.

நான் எழுதிவரும் தொடரில் இந்த அத்தியாயம் நீண்டுவிட்டது, கடைசிப் பத்தியை வெட்டலாமா என்று இதழாசிரியர் தொலைபேசியில் கேட்டார். எதை வேண்டுமானாலும் வெட்டுங்கள், கொள்கையை வெட்டுங்கள், கழுதையை வெட்டுங்கள், கடைசிப் பத்தியில் மட்டும் கை வைக்காதீர்கள் என்றேன். அக்காவின் பங்குக் கோயில் வாசலில் உள்ள பெட்டிக்கடையில் இந்த இதழ் தொங்கும் என்று எனக்குத் தெரியும். தவக்காலத்துக்கு இன்னும் நாள் இருக்கிறது.

அன்று இரண்டு வேன்களில் வந்து, கையில் கைக்குட்டையோடு காத்திருந்தவர்களுக்கு: ஆரோக்கியமேரி அக்கா அந்தப் படத்தில் அழுதார். நன்றாக அழுதார். பார்த்த எங்கள் எல்லோரையும் அழவைத்தார். வெட்டியது நான்.